நாற்பத்தொரு கிலோ தத்துவம்

என் மனைவியின் பயத்தைப் பதினான்கே நாளில் ஒழித்துக்கட்டுவது என்று ஒரு திங்கட்கிழமை காலை பல் துலக்கும்போது தீர்மானித்தேன். வாயில் நுரை இருந்ததால் உடனே அறிவிக்க முடியவில்லை. பெரிய தீர்மானங்களை வாய் கொப்பளித்துவிட்டு அறிவிப்பதுதான் மரியாதை.

நான் கல்லூரியில் தத்துவம் கற்பிப்பவன். பழைய கிரேக்கர்கள் என் துறை. அவர்களைப் பற்றி இரண்டு தடித்த நூல்கள் எழுதியிருக்கிறேன். மூன்றாவது அப்போது முடியும் தறுவாயில் இருந்தது. முதல் இரண்டையும் கடைசிப் பக்கம்வரை படித்தவர்கள் உலகத்தில் மூன்று பேர். ஒருவன் நான். இன்னொருவர் அச்சுப்பிழை திருத்தியவர். மூன்றாமவர் யாரென்று தேடிக்கொண்டிருக்கிறேன்.

எங்கள் வீடு மாடியில், இரண்டு அறையும் ஒரு சமையலறையும். முன்னறையின் நீளச் சுவரை ஒட்டி என் அலமாரி. ஆறு தட்டு. கதவு கிடையாது. என்னைவிட இரண்டடி உயரம். தரை ஒரு பக்கம் தாழ்ந்திருப்பதால் பின்கால் ஒன்றுக்கு அடியில் மடித்த அட்டை வைத்திருந்தேன். தெருவில் லாரி போனால் அலமாரி லேசாகத் தலையாட்டும். நான் எழுதியதை ஆமோதிக்கிறது என்று எடுத்துக்கொள்வேன்.

அந்த அலமாரியின் வரிசையைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். காலவரிசை. ஆதியில் வந்தவர்கள் அடித்தட்டில், அடுத்து வந்தவர்கள் அடுத்த தட்டில், அப்படியே மேலே. எல்லாம் தண்ணீரிலிருந்து வந்தது என்று சொன்ன மனிதர்தான் எல்லாருக்கும் முன்னோடி. எனவே அவர் தரையை ஒட்டி. எல்லாம் ஆற்றைப்போல ஓடிக்கொண்டே இருக்கிறது என்றவர் அதற்கு மேல். விஷக் கோப்பையைக் குடித்தவர் மூன்றாவது. அவர் ஒரு வரிகூட எழுதவில்லை. எழுதாத மனிதரைப் பற்றி எழுதித் தீர்த்தவர்களால் தட்டு நிறைந்துவிட்டது. நான்காவதில் வானம் முதல் மீன்வரை எல்லாம் தெரிந்தவரும், பானைக்குள் குடியிருந்தவரும். ஐந்தாவதில் தாழ்வாரத்தில் நின்று பாடம் சொன்னவர்களும் தோட்டத்தில் உட்கார்ந்து பாடம் சொன்னவரும். உச்சியில் உரைகாரர்கள்.

இதில் ஒரு சின்னச் சிக்கல். ஆதியில் வந்தவர்கள் எழுதியதில் மிஞ்சியது துண்டும் துணுக்கும்தான். தண்ணீர்க்காரர் மொத்தமே எண்பது பக்கம். அதிலும் எழுபது முன்னுரை. பின்னால் வந்தவர்களோ எழுதினார்கள், எழுதினார்கள், எழுதிக்கொண்டே இருந்தார்கள். உரைக்கு உரை, அந்த உரைக்கு ஒரு விளக்கம். ஆகவே என் அலமாரியின் கீழ்த்தட்டில் நோஞ்சான்கள் ஒருவர்மேல் ஒருவர் சாய்ந்து நின்றார்கள். மேல் தட்டில் குண்டர்கள் தோளோடு தோள் இடித்து நின்றார்கள்.

இது எனக்கு ஏழு வருஷமாகத் தெரியும். தொந்தரவாகத் தோன்றியதே இல்லை. எங்கள் வண்டு எழுந்து நிற்கத் தொடங்கும்வரை.

வண்டு என் மகள். ஒன்பது மாதம். எதைப் பிடித்தாலும் விடமாட்டாள் என்பதால் வந்த பெயர். அந்த மாதம் அவள் ஒரு புதுக் கலையைக் கண்டுபிடித்திருந்தாள். கைக்கு எட்டுவதைப் பிடித்து, உடம்பு முழுவதையும் பின்னால் சாய்த்து, 'ம்ம்ம்' என்று முனகி, எழுந்து நிற்பது. நாற்காலி, கட்டில் கால், என் வேட்டி. என் வேட்டி விஷயத்தில் அந்தக் கலை முழு வெற்றி பெறவில்லை. வேட்டிதான் கீழே வந்தது.

என் மனைவி அன்றைக்கே அலமாரியைப் பார்த்தாள்.

"என்னங்க, இது ஆடுது."

"எது?"

"உங்க அலமாரி."

"உலகத்துல எல்லாமே ஆடிக்கிட்டும் ஓடிக்கிட்டும்தாம்மா இருக்கு. ரெண்டாவது தட்டுல இருக்காரே ஆத்துக்காரர், அவர் கருத்தே அதுதான்."

"அவர் ரெண்டாவது தட்டுல இருக்கார், பரவாயில்ல. ஆறாவது தட்டுல இருக்கறவங்க ஓடி வந்தா?"

அவள் கான்வென்ட்டில் படித்தவள். அங்கே ஒரு சிஸ்டர் பாடம் முடிந்ததும், 'புரியாதவர்கள் கை தூக்குங்கள்' என்று கேட்கமாட்டாராம். 'புரிந்தவர்கள் எழுந்து, புரிந்ததைச் சொல்லுங்கள்' என்பாராம். அதனால் பாதி புரிந்ததற்குத் தலையாட்டும் பழக்கம் என் மனைவிக்கு இல்லை. குடும்ப வாழ்க்கைக்கு இது எவ்வளவு ஆபத்தான பயிற்சி என்று அந்த சிஸ்டருக்குத் தெரிந்திருக்க நியாயமில்லை.

"கனமானதைக் கீழ வைங்க. லேசானதை மேல வைங்க. அவ்வளவுதான் கேக்கறேன்."

"தத்துவம் என்ன மூட்டை முடிச்சா? தண்ணீர்க்காரர்தாம்மா அஸ்திவாரம். அஸ்திவாரத்தை யாராவது மொட்டைமாடில வைப்பாங்களா?"

"அஸ்திவாரம் எண்பது பக்கம்தான்னா, மாடி கட்டறவன் யோசிக்கணும்ல?"

"நீ யோசிக்காத. விழாது."

"விழாதுன்னு எப்படிச் சொல்றீங்க?"

"ஏழு வருஷமா விழல."

"ஏழு வருஷமா இவ பொறக்கல."

இந்த மாதிரி நேரத்தில் அறிஞன் என்ன செய்வானோ அதையே செய்தேன். கண்ணாடியைக் கழற்றித் துடைத்தேன்.

மறுநாள் கல்லூரியிலிருந்து வந்தால், அலமாரி தலைகீழாக இருந்தது. உரைகாரர்கள் தரையில். தண்ணீர்க்காரர் உச்சாணியில். இரண்டாயிரத்து ஐந்நூறு வருஷ வரலாறு ஒரு மதியத் தூக்கத்துக்குள் கவிழ்ந்திருந்தது. கைப்பையைக்கூட இறக்காமல் எல்லாவற்றையும் மறுபடி மேலே ஏற்றினேன். ஏற்றும்போதே ஒழுங்கு என்றால் என்ன என்று ஒரு மணி நேரம் பேசினேன். அவள் குழந்தையை இடுப்பில் வைத்துக்கொண்டு, அலமாரிக்கும் குழந்தைக்கும் நடுவில் நின்றபடியே எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டாள்.

சுவரில் ஆணி அடித்து அலமாரியைக் கட்டிவிடலாமே என்று நீங்கள் கேட்பீர்கள். நாங்களும் கேட்டோம். கீழ் வீட்டில் இருக்கும் வீட்டுக்காரரைக் கூப்பிட்டோம். துறைமுகத்தில் முப்பது வருஷம் கிரேன் ஓட்டி ஓய்வு பெற்றவர். எதைப் பார்த்தாலும் முதலில் அதன் எடையை மனசுக்குள் போட்டுவிடுவார். எங்கள் கல்யாண போட்டோவைப் பார்த்து, "சட்டத்தோட ஒண்ணரைக் கிலோ" என்றவர்.

சுவரைத் தட்டிப் பார்த்தார். அது காலி டப்பா மாதிரி ஒலித்தது.

"வாத்தியாரே, இது ஆணி தாங்கற சுவர் இல்ல. உள்ள வெறும் ஓட்டைச் செங்கல். அலமாரி வந்தா ஆணியையும் கூட்டிக்கிட்டு வரும்." பிறகு அலமாரியை அண்ணாந்து பார்த்தார். "சுமையை இப்படித் தூக்கி நிறுத்தினா எங்க மேஸ்திரி என்னைக் கடல்ல தள்ளியிருப்பார்."

"இது காலவரிசைங்க."

"கப்பல்ல ஏத்தும்போது பெட்டிக்கு வயசு கேக்கமாட்டாங்க வாத்தியாரே."

படிக்காதவர் என்று விட்டுவிட்டேன். அவர் இறங்கிப் போகும்போது என் மனைவி படிக்கட்டுவரை போய் ஏதோ கேட்டுக்கொண்டிருந்தாள். தண்ணீர்க் குழாய் விஷயமாக இருக்கும் என்று நினைத்தேன்.

ஆக, இருபத்தொரு நாள். தினம் ஒரு தடவை அவள் சொல்வாள், ஒரு தடவை நான் மறுப்பேன். அவளுடைய பயங்கள் எனக்குப் புதிதல்ல. குழந்தை தூங்கினால் மூச்சு வருகிறதா என்று பயம். வந்தால் ஏன் இவ்வளவு சத்தமாக வருகிறது என்று பயம். மருத்துவமனை நர்ஸிடம் கெஞ்சி, மூலையில் கிடந்த ஒரு பழைய எடைத் தட்டை வாங்கி வந்து, வெள்ளிக்கிழமைதோறும் வண்டை அதில் படுக்கவைத்து எடை பார்ப்பாள். ஒரு நோட்டில் எழுதுவாள். நூறு கிராம் கூடினால் அன்றைக்கு எனக்குக் காப்பியில் சர்க்கரை கூடும். ஐம்பது கிராம் குறைந்தால் வீட்டில் யாரும் உரக்கத் தும்மக்கூட முடியாது.

எனவே யோசித்தேன். நோய் அலமாரியில் இல்லை. நோய் பயத்தில் இருக்கிறது. பயத்துக்கு மருந்து எங்கே இருக்கிறது? என் அலமாரியின் மேல் இரண்டு தட்டில்! தாழ்வாரத்துக்காரர்களும் தோட்டக்காரரும் வாழ்நாள் முழுக்கச் சொன்னதே, மனிதா பயப்படாதே என்பதுதானே? அவர்களை இவளுக்குப் பாடம் சொல்லிக் கொடுத்தால் பயம் போய்விடும். பயம் போனால் அலமாரி இருந்த இடத்தில் இருக்கும்.

நுரையைத் துப்பிவிட்டுப் போய்ச் சொன்னேன்.

"உனக்கு தத்துவம் சொல்லித் தரப்போறேன். மேல் ரெண்டு தட்டு, பதினாலு புத்தகம். ஒரு நாளைக்கு ஒண்ணு."

அழுவாள் அல்லது சிரிப்பாள் என்று எதிர்பார்த்தேன். அவள் ஈரத் துணியைக் கொடியில் போடுவதை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தாள்.

"பதினாலும் நீங்களே எடுத்துத் தருவீங்களா?"

"நானேதான்."

"சரிங்க."

உடனே சரி! ஏழு வருஷத்தில் அவள் உடனே சரி என்றது மூன்று தடவைதான். மற்ற இரண்டும் எனக்கு நல்லதாக முடியவில்லை. ஆனாலும் அந்த நேரத்தில் நினைவு வரவேண்டுமே.

"ஒரு நாள் டைம் குடுங்க. புத்தகத்தையெல்லாம் ஒரு தடவை பாத்துக்கறேன். எதுக்கு அப்புறம் எதைப் படிக்கலாம்னு நானே ஒரு வரிசை போடறேன்."

மறுநாள் மாலை வந்து பார்த்தேன். பதினான்கு புத்தகமும் வைத்த இடத்தில் வைத்தபடி. நான் செருகியிருந்த குறிப்புச் சீட்டு ஒன்றுகூட நழுவவில்லை. ஒரு தாளில் அழகான கான்வென்ட் கையெழுத்தில் பதினான்கு பாடங்களின் பட்டியல். அதைச் சுவரில் ஒட்டினேன். பிறகு பார்த்துக்கொண்டே நின்றுவிட்டேன்.

வினோதமான வரிசை. முதலில் பேச்சுக்கலை பற்றிய உரை. அடுத்து விலங்குகள், மீன்கள் பற்றிய உரை. அடுத்து வானம். அதற்கடுத்து தாழ்வாரத்துக்காரர்கள். பிறகு திடீரென்று நட்பு. அப்புறம் கனவு. தோட்டக்காரர் ஒன்பதாவது. காலவரிசை இல்லை. அகரவரிசை இல்லை. பொருள்வரிசையும் இல்லை. இருபது வருஷம் இந்தத் துறையில் இருக்கிறேன். இப்படி ஒரு வரிசையை எந்தப் பல்கலைக்கழகத்திலும் கண்டதில்லை.

"எந்த அடிப்படையில போட்ட?"

"எனக்கு எது முக்கியமோ அது முதல்லங்க."

இரண்டு நாள் யோசித்தேன். மூன்றாம் நாள், கல்லூரி வாசலில் குடையை விரித்தபோது விளங்கியது. அடடா! பேச்சு என்பது மனிதனுக்கு மட்டும். அங்கிருந்து உயிர் எல்லாவற்றுக்கும் போகிறாள். அங்கிருந்து வானம். வானத்தின் முன்னால் மனிதன் சிறுத்துப் போகிறான். அங்கே அவனுக்குத் துணிவு வேண்டும், எனவே தாழ்வாரத்துக்காரர்கள். துணிவுக்குத் துணை வேண்டும், எனவே நட்பு. நிரம்பிய மனம் படிப்படியாக இறங்கி எளிமைக்கு வருகிறது! நாங்களெல்லாம் ஏறுவதையே படிப்பு என்று நினைத்துக்கொண்டிருந்தோம். இவளோ இறங்குகிறாள். இதற்கு 'இறங்குமுறை' என்று பெயரிட்டேன். அன்றே என் மூன்றாம் நூலுக்கு எழுதியிருந்த முன்னுரையைக் கிழித்துப் போட்டு, இறங்குமுறையை விளக்கிப் பதினோரு பக்கத்தில் புது முன்னுரை எழுதி அச்சகத்துக்கு அனுப்பினேன்.

பாடங்கள் மதியத்தில், கல்லூரியிலிருந்து நான் சாப்பிட வரும் நேரத்தில், வண்டு விழித்திருக்கும்போதே நடந்தன. மனைவி தரையில் உட்காருவாள். எப்போதும் ஒரே இடம்: முதுகு அலமாரியில் சாய்ந்திருக்கும், குழந்தை எதிரே விரிப்பில். நூல்களை ஒட்டியே உட்காரும் ஆர்வம் என்று நினைத்துக்கொள்வேன். நான் முக்காலியில் ஏறி உச்சியிலிருந்து அன்றைய புத்தகத்தை இறக்குவேன். பாடம் முடிந்ததும் திரும்ப ஏற்றப் போவேன்.

"இங்கயே வச்சிடுங்க. சாயங்காலம் மறுபடி பாக்கணும். கைக்குழந்தையோட முக்காலில ஏற முடியுமா?"

நியாயம்தானே?

"அப்ப கீழ இடம் வேணுமே."

"இந்தச் சின்னப் புத்தகங்களை மேல வச்சிருங்க. அவங்களை இப்ப நான் படிக்கல. அப்புறம் மாத்திக்கலாம்."

மாணவியின் ஆர்வத்தை ஆசிரியன் கெடுக்கலாமா? தண்ணீர்க்காரரை நானே என் கையால் ஆறாவது தட்டுக்கு ஏற்றினேன். தற்காலிகமாக.

அவள் நல்ல மாணவி. அதுதான் என்னை மயக்கியது. தாழ்வாரத்துக்காரர்களை விளக்கினேன்.

"உலகத்துல விஷயம் ரெண்டு வகை. நம்ம கையில இருக்கறது, நம்ம கையில இல்லாதது. இல்லாததை நினைச்சுக் கலங்கறது வீண்."

"இருக்கறதை?"

"இருக்கறதைச் செய்யணும்."

"இந்த அலமாரி யார் கையில இருக்கு?"

"நம்ம கையிலதான்."

"சரிங்க. புரிஞ்சுது. அடுத்த பாடத்துக்குப் போலாம்."

எவ்வளவு வேகமாகப் புரிந்துகொள்கிறாள் என்று பூரித்துப்போனேன். நான் என்ன சொன்னேன் என்று எனக்குத்தான் புரியவில்லை.

பானைக்காரர் கதையை இடையில் சொன்னேன். சொத்து வேண்டாம், வீடு வேண்டாம் என்று ஒரு பெரிய பானைக்குள் வாழ்ந்த மனிதர்.

"அவருக்குக் குழந்தை உண்டா?"

"இல்ல."

"தோட்டக்காரருக்கு?"

"அவருக்கும் இல்ல."

"விஷம் குடிச்சவருக்கு?"

"மூணு பசங்க."

"விஷம் குடிக்கற அன்னிக்கு பசங்களை யாரு பாத்துக்கிட்டது?"

"அவர் மனைவிதான் பாத்திருப்பாங்க. அழுதாங்கன்னு வீட்டுக்கு அனுப்பிட்டாங்க."

"அந்தம்மா பயத்தைப் பத்தி எழுதின புத்தகம் எந்தத் தட்டுல இருக்கு?"

வண்டு என் பாதத்தைப் பிடித்து எழ முயன்றுகொண்டிருந்தாள். நான் அலமாரியைக் கீழிருந்து மேல்வரை பார்த்தேன். ஆறு தட்டு. முந்நூறு நூல்கள். அந்தம்மா எதுவும் எழுதவில்லை. எழுத நேரம் இருந்திருக்காது.

ஒன்பதாம் பாடத்தில் தோட்டக்காரரிடம் வந்தோம். பயத்துக்கென்றே மருந்து அரைத்தவர் என்று பெருமையாக ஆரம்பித்தேன்.

"சாவுக்கே பயப்பட வேண்டியதில்லைங்கறார்."

"யாரோட சாவுக்கு?"

"நம்ம சாவுக்கு."

"அது எனக்கு முன்னாடியே இல்லைங்க. இவளுக்கு ஏதாவது ஆயிடுமோன்னு வருதே, அதுக்கு எந்தப் பக்கம்?"

பொருளடக்கத்தைப் பார்த்தேன். பின்னிணைப்பைப் பார்த்தேன். சொல்லடைவில் 'பயம்' என்ற சொல்லுக்கு நாற்பத்து மூன்று பக்க எண்கள் இருந்தன. நாற்பத்து மூன்றையும் அன்று மாலைக்குள் பார்த்துவிட்டேன். கடவுளைப் பற்றிய பயம் இருந்தது. இடியைப் பற்றிய பயம் இருந்தது. மன்னனைப் பற்றி, வறுமையைப் பற்றி, மறுமையைப் பற்றி எல்லாம் இருந்தது. எழுந்து நிற்கக் கற்றுக்கொள்ளும் குழந்தையைப் பற்றி யாரும் ஒன்றும் சொல்லவில்லை. அது எனக்கு ஒருமாதிரியாக இருந்தது. ஆனால் பாடத்திட்டத்தில் இன்னும் ஐந்து பாடம் பாக்கி. ஆசிரியன் தேங்கி நிற்கக் கூடாது.

பதினான்காம் நாள். கடைசிப் புத்தகத்தையும் இறக்கிவைத்துவிட்டு, நிமிர்ந்து நின்று, தேர்வு வைத்தேன். ஒரே கேள்வி.

"இப்ப உனக்கு இந்த அலமாரியைப் பாத்தா பயமா இருக்கா?"

அவள் அலமாரியைப் பார்த்தாள். நிதானமாக, தட்டு தட்டாக, மேலிருந்து கீழ்வரை.

"இல்லைங்க."

"துளிகூட?"

"துளிகூட இல்ல."

வென்றுவிட்டேன்! அன்று அவள் முதல்முறையாக ஜன்னலோரம் போய் உட்கார்ந்து துணி மடிக்க ஆரம்பித்தாள். நான் முன்னறையில் இப்படியும் அப்படியும் நடந்தேன். இரண்டாயிரம் வருஷமாக நூலுக்குள் கிடந்த மருந்து. கடைசியில் ஒரு வீட்டில், ஒரு பெண்ணிடம் வேலை செய்துவிட்டது. மூன்றாம் நூலின் முன்னுரையில் இதையும் சேர்த்திருக்கலாமே என்று நினைத்தபடி திரும்பினேன்.

வண்டு அலமாரியிடம் போயிருந்தாள்.

இரண்டு கையாலும் இரண்டாவது தட்டின் விளிம்பைப் பிடித்திருந்தாள். 'ம்ம்ம்' என்றாள். உடம்பு முழுவதையும் பின்னால் சாய்த்தாள். தெருவில் அந்த நேரம் பார்த்து ஒரு லாரி போனது.

அடுத்து நடந்ததை நான் தத்துவமாக விளக்க முடியாது. என் வாயிலிருந்து ஒரு சத்தம் வந்தது. அது எந்த மொழியும் இல்லை. பாய்ந்தேன். முக்காலி குறுக்கே வந்தது. முக்காலியோடு நானும், என் கண்ணாடியும், குடிக்காமல் வைத்திருந்த காப்பியும் ஒரே நேரத்தில் தரைக்கு வந்தோம். விழுந்த இடத்திலிருந்தே கையை நீட்டிக் கண்ணை இறுக மூடிக்கொண்டேன்.

ஒன்றும் விழவில்லை.

கண்ணைத் திறந்தேன். வண்டு நின்றுகொண்டிருந்தாள். இன்னொரு தடவை முழு பலத்தோடு தொங்கினாள். அலமாரி கற்பாறை மாதிரி நின்றது. தலைகூட ஆட்டவில்லை. தன் முதல் வெற்றியை அறிவிக்க அவள் என் பக்கம் திரும்பி, தரையில் கிடக்கும் தகப்பனைக் கண்டு கைகொட்டிச் சிரித்து, பிடி விட்டுப்போய் பொத்தென்று உட்கார்ந்தாள்.

என் மனைவி ஜன்னலோரத்திலிருந்து அசையவே இல்லை. கையில் பாதி மடித்த சட்டை.

"எனக்குத்தான் பயமே இல்லைன்னு சொன்னேனே," என்றாள். "உங்களுக்கு இன்னொரு தடவை பாடம் எடுக்கணும் போலிருக்கே."

என் நெஞ்சு அடித்த அடி எனக்குக் காதில் கேட்டது. இருபத்தொரு நாளாக, தினமும், இந்த அடியை நெஞ்சில் வைத்துக்கொண்டுதான் இவள் எனக்குக் காப்பி போட்டாளா?

சத்தம் கேட்டு வீட்டுக்காரர் மேலே ஓடிவந்தார். என்னைப் பார்க்கவில்லை. அலமாரியைத்தான் பார்த்தார். முகம் மலர்ந்துவிட்டது.

"ஆகா! கனம் பூரா கீழ வந்திருச்சே! இனி யானை வந்து முட்டினாலும் சரி. ஏம்மா, நான் சொன்னபடியே பெரிசுலேருந்து ஆரம்பிச்சியா?"

"ஆமாங்க ஐயா. எடை போட்டுத்தான் வரிசை எழுதினேன்."

நான் தரையில் கிடந்தபடி சுவரில் ஒட்டியிருந்த பட்டியலைப் பார்த்தேன். பிறகு அலமாரியைப் பார்த்தேன். அடியில் உரைகாரர்கள், அவர்களுக்கு மேல் மற்ற குண்டர்கள், உச்சியில் தண்ணீர்க்காரரும் ஆற்றுக்காரரும் காற்றோட்டமாக. ஒரு புத்தகம் பாக்கியில்லாமல், என் கையால், நானே.

"பட்டியல்ல... பேச்சுக்கலை முதல்ல வந்தது..."

"நாலு கிலோ நூறு."

"மீன்?"

"மூணு கிலோ எழுநூறு. அது அட்டையும் கனம்."

"நட்பு?"

"வானத்தைவிடக் குறைவுதாங்க. ஆனா கனவைவிடக் கொஞ்சம் கூட."

வீட்டுக்காரர் என்னைத் தூக்கி உட்காரவைத்துவிட்டு, "வாத்தியார் எழுபது கிலோ இருப்பார்" என்று தனக்குள் சொல்லிக்கொண்டு இறங்கிப் போனார்.

"என்கிட்ட நேரா சொல்லியிருக்கலாமே," என்றேன்.

"சொன்னேன். இருபத்தொரு நாள் சொன்னேன்."

"நீயே மாத்தி வச்சிருக்கலாமே."

"வச்சேனே. ரெண்டு மணிக்கு இறக்கினேன், ஆறு மணிக்கு எல்லாம் திரும்ப மேல ஏறிடுச்சு." சட்டையை மடித்து முடித்தாள். "நான் வச்சா நீங்க எடுத்திடுவீங்க. நீங்களே வச்சா அது கொள்கை ஆயிடும். கொள்கையை யாரும் தொடமாட்டாங்க."

அவள் குழந்தைக்கு முகம் கழுவப் போனபோது மேசைமேல் இருந்த எடை நோட்டைத் திறந்தேன். இடது பக்கங்களில் வண்டு. பிறந்த வாரத்திலிருந்து ஒவ்வொரு வெள்ளிக்கிழமையும், கிராம் வரைக்கும். ஒரே ஒரு இடத்தில் வலது பக்கமும் நிரம்பியிருந்தது. என் பதினான்கு புத்தகங்கள். பெரிதிலிருந்து சிறிதுவரை. கீழே ஒரு கோடு. மொத்தம் நாற்பத்தொரு கிலோ. அந்த வாரம் எதிர்ப்பக்கத்தில் எட்டு கிலோ இருநூறு.

வேறொரு வார்த்தை எழுதியிருக்கவில்லை. எனக்குக் கணக்கு வராது. இருந்தும் வகுத்துப் பார்த்தேன். சரியாக ஐந்து. என் மகள் எழுந்து நிற்கப் பழகிய இடத்துக்கு மேலே, என் மகளைப் போல் ஐந்து மடங்கு எடையை நான் காலவரிசையில் அடுக்கிவைத்திருந்தேன். முந்நூறு புத்தகத்தில் இல்லாத அந்தப் பக்கம் இந்த நோட்டில் இருந்தது.

நோட்டை இருந்த இடத்தில் வைத்துவிட்டு அச்சகத்துக்குப் போன் செய்தேன். முன்னுரையை நிறுத்த வேண்டும் என்றேன். அது போன வாரமே அச்சாகிவிட்டது என்றார்கள். "ரொம்ப ஆழமா இருக்கு சார்" என்று வேறு சொன்னார்கள். பின்னாளில், நூல் வெளிவந்த பிறகு, வெளியூர்ப் பேராசிரியர் ஒருவர் கடிதம் எழுதியிருந்தார்: தங்கள் கல்லூரியில் இனி இறங்குமுறைப்படியே பாடம் நடத்தப் போகிறார்களாம்.

நூலின் முதல் பிரதி ஒரு வெள்ளிக்கிழமை வந்தது. கட்டைப் பிரித்து, புது மை வாசனையோடு மனைவியிடம் நீட்டினேன். முதல் இரண்டையும் அவளிடம் காட்டியதோடு சரி. அவள் கருத்தைக் கேட்டதில்லை. இப்போது உண்மையாகவே கேட்க வேண்டும் போலிருந்தது. அவள் ஈரக் கையை முந்தானையில் துடைத்துக்கொண்டு, இரண்டு கையாலும் வாங்கினாள். அட்டையைத் தடவினாள். முன்னுரையின் முதல் பக்கத்தைப் படித்தாள். உதட்டைக் கடித்துக்கொண்டாள். பிறகு எடைத் தட்டிலிருந்து வண்டை இறக்கிவிட்டு, அந்த இடத்தில் என் நூலை வைத்து, முள் நிற்கும்வரை குனிந்து பார்த்தாள்.

"எப்படியிருக்கு?" என்றேன்.

"ஒண்ணு எண்ணூத்தி அம்பது," என்றாள். "கீழேருந்து ரெண்டாவது தட்டு."